ஏழாம் பக்கத்தின் அடியில்

ஒரே கடிதத்தை ஒரு மணி நேரத்துக்குள் இரண்டு முறை சொல்லி என்னை எழுதவைத்தார் ஹோல்ராய்ட். வடக்கே ஒரு ரயில்வே தொழிலாளர் சங்கத்துக்கு, அவர்களுடைய ஆண்டு விருந்துக்கு வர இயலவில்லை என்று ஒரு சாதாரணக் கடிதம். நடுவில் ஆறிப்போன ஆட்டுக்கறியைப் பற்றி ஒரு வேடிக்கை. முதல் முறை அதைச் சொல்லிவிட்டு, நான் சிரிக்கிறேனா என்று மூக்குக் கண்ணாடிக்கு மேலே பார்த்தார். இரண்டாம் முறையும் அதே இடத்தில் நிறுத்தி, அதே மாதிரி பார்த்தார். நான் இரண்டு முறையும் சிரித்தேன்.

அது 1932 அக்டோபர். அன்றைக்கே நான் வாயைத் திறந்திருக்க வேண்டும்.

என் பெயர் ஹெஸ்டர் விண்டல். வெஸ்ட்மின்ஸ்டர் நாடாளுமன்றத்தில் எங்கள் கட்சித் தலைவருக்கு அந்தரங்கச் செயலாளராக இருந்தேன். தலைவர்களுக்கு என்று சொல்வதுதான் சரி. ஹோல்ராய்ட் எனக்கு மூன்றாமவர். முதலாமவர் கோபக்காரர். காகிதத்தை என் முகத்துக்கு நேரே எறிவார், பிறகு தரையில் மண்டியிட்டு அவரே பொறுக்கித் தருவார். இரண்டாமவர் யாரையும் கடிந்து ஒரு சொல் சொன்னதில்லை. ஒரு மத்தியானம் தேநீர்க் கோப்பையைக் கையில் வைத்தபடியே உயிரை விட்டார். அதற்குப் பிறகு வந்தவர் ஆம்ப்ரோஸ் ஹோல்ராய்ட். யார்க்ஷயர்க்காரர். பன்னிரண்டு வயதில் நிலக்கரிச் சுரங்கத்தில் இறங்கியவர். அப்பா அங்கேயே புதைந்துபோனவர். சபையில் எழுந்து நின்றால் கையில் காகிதமே இருக்காது. ஒரு மணி நேரம் பேசுவார். எதிர்வரிசையில் தூங்குகிறவன்கூட எழுந்து உட்காருவான்.

அவருக்கு எந்தக் கதவைத் திறப்பது, எதைச் சாத்துவது என்பதெல்லாம் என் பொறுப்பு. சாதாரணக் கடிதங்களில் அவருடைய கையெழுத்தையும் நானே போடுவேன். அவர் சொல்லித்தான் பழகினேன். நாளடைவில் அவர் போட்ட கையெழுத்தைவிட நான் போட்டது அவருடையது போல இருக்கிறது என்று அவரே கேலி செய்வார்.

அக்டோபருக்குப் பிறகு இப்படி அடுத்தடுத்து நடந்தது. பத்து வருடமாகத் தெரிந்த உறுப்பினரைத் தாழ்வாரத்தில் பார்த்து, "இவர் யாரு மிஸ் விண்டல்?" என்று என் காதில் கேட்டார். தொப்பியைத் தேநீர் மேசையின் இழுப்பறையில் வைத்துவிட்டு யாரோ திருடிவிட்டதாகச் சத்தம் போட்டார். டிசம்பரில் அவர் மனைவி செலினா என்னைத் தேடி அலுவலக அறைக்கே வந்தார். கையுறையைக் கழற்றவில்லை, உட்காரவும் இல்லை.

"உங்களுக்குத் தெரியும்தானே?" என்றார்.

"தெரியும், மேடம்."

"தேர்தல் வரைக்கும் எப்படியாவது தள்ளிடுங்க. அவர் ஜெயிச்சுட்டா, அப்புறம் கௌரவமா ஒதுங்கிக்கலாம்."

"அவர்கிட்ட சொல்ல வேண்டாமா?"

"அவர்கிட்டயா? சொன்னா அன்னைக்கே உடஞ்சு போயிடுவார். நீங்க ஒண்ணும் பெருசா செய்ய வேண்டாம் மிஸ் விண்டல். இதுவரைக்கும் செஞ்சதையே கொஞ்சம் கூடுதலாச் செய்யுங்க, போதும்."

கூடுதலாகத்தான் செய்தேன். அன்றைக்கு யார் யார் வருவார்கள், அவர்கள் மனைவி பெயர் என்ன, என்ன கேட்பார்கள் என்று ஒரு சின்ன அட்டையில் எழுதி, காலையில் அவர் கோட்டின் மேல்பையில் வைப்பேன். மத்தியானத்துக்கு மேல் அவர் குழம்புவார் என்று தெரிந்ததும் எல்லாச் சந்திப்புகளையும் பதினொரு மணிக்கு முன்னால் மாற்றினேன். அந்தக் குளிர்காலத்தில் அவருக்கு ஒன்பது முறை ஜலதோஷம் பிடித்தது. ஒன்பதும் என் தயாரிப்பு.

பிம்லிகோவில் நானும் என் அக்கா ஓலிவும் இரண்டு அறையில் குடியிருந்தோம். அவள் கம்பளி நூல் கடையில் வேலை பார்த்தாள். வாய் மட்டும் கத்திரிக்கோல்.

"ஏண்டி, நீ அவருக்கு செகரட்டரியா, ஆயாவா?" என்றாள் ஒரு ஞாயிற்றுக்கிழமை, உருளைக்கிழங்கை உரித்துக்கொண்டே.

"சும்மா இரு ஓலிவ்."

"கேக்கறேன். கல்யாணம் கட்டின பொம்பளைக்காவது ஞாயித்துக்கிழமை லீவு உண்டு. உனக்கு அதுவும் இல்ல. அப்படி என்னத்த மூடி மறைக்கற?"

"ஒண்ணுமில்ல."

"ஒண்ணுமில்லன்னா ஏன் தூக்கத்துல அந்த ஆளோட குரல்ல பேசற?"

அவள் விளையாட்டுக்குச் சொல்கிறாள் என்று நினைத்தேன். ஆனால் அவருடைய குரல் எனக்குள் இருந்தது உண்மைதான். அவர் சொல்லாத கடிதங்களை அவர் சொல்லியிருப்பது போலவே எழுத ஆரம்பித்திருந்தேன். முதலில் வாழ்த்துக் கடிதங்கள். பிறகு தொகுதிக்காரர்களுக்குப் பதில். பிறகு பத்திரிகைகளுக்கு அறிக்கை. ஒரு முறை 'தலைவரின் நடை முன்னைவிடக் கூர்மையாகியிருக்கிறது' என்று ஒரு பத்திரிகை எழுதியது. அதைக் கத்தரித்து வைத்துக்கொண்டேன். இதை இப்போது சொல்ல வெட்கமாக இருக்கிறது.

அப்போதுதான் நெல் ஆர்மிட்டேஜின் கடிதம் வந்தது.

அவளை எனக்கு முன்பே தெரியும். ஹோல்ராய்டின் தொகுதியில் ப்ராக்கன்டேல் என்ற சுரங்கம். 1932 ஆகஸ்டில் அங்கே நிலத்தடியில் வெடித்து நாற்பத்தோரு பேர் செத்தார்கள். அடக்கத்துக்கு நாங்கள் போனோம். அவர் அப்போது நன்றாக இருந்தார். கல்லறை மேட்டில் ஊரே கூட்டமாக நின்றது. ஒரு பெண் மட்டும் இருபதடி தள்ளித் தனியாக நின்றாள். அவள் புருஷன் ஜெம் ஆர்மிட்டேஜ்தான் கீழே பாறைக்கு வெடி வைக்கிறவன். வாயு இருக்கிறதா என்று பார்க்காமல் வெடி வைத்தான், அவனால்தான் அத்தனை பேரும் போனார்கள் என்று அதற்குள் பேச்சு பரவிவிட்டது. அவனும் செத்துப்போனதால் மறுத்துச் சொல்ல ஆளில்லை.

பாதிரியார் பேசிக்கொண்டிருக்கும்போதே ஹோல்ராய்ட் கூட்டத்தை விட்டு நடந்து அவளிடம் போனார். தொப்பியைக் கழற்றினார்.

"உங்க வீட்டுக்காரர் மேல பழி விழ விடமாட்டேம்மா. விசாரணை முடியட்டும். தப்பா எழுதினாங்கன்னா சபையில நானே எழுந்து பேசுவேன்."

அவள் அவரைப் பார்க்கவில்லை. என் நோட்டுப் புத்தகத்தைப் பார்த்தாள். "அத எழுதிக்கோங்க மிஸ்," என்றாள். எழுதிக்கொண்டேன்.

விசாரணை முடிய ஒரு வருடத்துக்கு மேல் ஆனது. 1933 நவம்பரில் அறிக்கை வந்தது. ஜெம் ஆர்மிட்டேஜின் அலட்சியமே காரணம் என்று சொன்னது. நெல் எழுதியிருந்தாள்: 'அறிக்கையைப் படித்தேன். வெடிப்பதற்கு முன்னால் அந்த வாரத்திலேயே இரண்டு முறை வாயு இருக்கிறதென்று ஜெம் மேலாளரிடம் சொன்னான். கூடக் கேட்டவர்கள் இரண்டு பேர் உயிரோடு இருக்கிறார்கள். அவர்களை யாரும் கூப்பிடவில்லை. ஐயா சொன்னது அவருக்கு நினைவிருக்கும் என்று நம்புகிறேன்.' இரண்டு சாட்சிகளின் பெயரையும் விலாசத்தையும் எழுதியிருந்தாள்.

நான் கடிதத்தை எடுத்துக்கொண்டு அவரிடம் போனேன். காலை பத்து மணி. நல்ல வேளை.

"சார், ப்ராக்கன்டேல்லேருந்து கடிதம்."

"ப்ராக்கன்டேல்…" என்றார். சன்னலைப் பார்த்தார். "நல்ல ஊரு. அங்க பித்தளை வாத்தியம் பிரமாதமா வாசிப்பாங்க."

"அந்த வெடிவிபத்து, சார். நாற்பத்தோரு பேர்."

அவர் என்னைப் பார்த்த பார்வையில் பயம் தெரிந்தது. தெரியாததைத் தெரிந்தது போலக் காட்ட வேண்டுமே என்கிற பயம். "ஆமாமா. பாவம். நீங்களே ஒரு பதில் எழுதிடுங்க," என்றார்.

நான் எழுதினேன். 'நான் மறக்கவில்லை. இருபத்தெட்டாம் தேதி விவாதத்தில் உங்கள் கணவரின் பெயரைச் சொல்லி நானே பேசுவேன். நீங்கள் வந்து கேளுங்கள்.' அவர் கையெழுத்தைப் போட்டேன். வந்து கேளுங்கள் என்று எழுதாமல் விட்டிருக்கலாம். ஆனால் நன்றாக இருந்த ஹோல்ராய்ட் அப்படித்தான் எழுதியிருப்பார்.

அடுத்த பத்து நாள் நான் அந்த உரையை எழுதினேன். அந்த இரண்டு சாட்சிகளுக்கும் எழுதிப் போட்டு வாக்குமூலம் வரவழைத்தேன். பதினோரு பக்கம். முதல் ஆறு பக்கம் சுரங்கத்தைப் பற்றி, இறந்தவர்களைப் பற்றி. ஏழாம் பக்கத்தில் அறிக்கையின் முடிவை அப்படியே எடுத்துச் சொல்லியிருந்தேன்: 'இந்த விபத்துக்கு ஜெம் ஆர்மிட்டேஜின் அலட்சியமே காரணம்.' எட்டாம் பக்கம், 'இது உண்மையல்ல' என்று தொடங்கும். பிறகு சாட்சிகள். காகிதத்தைப் பார்த்து வாசிக்க அவரால் இன்னும் முடியும். சங்கக் கூட்டங்களில் மூன்று முறை சோதித்துப் பார்த்திருந்தேன்.

இருபத்தெட்டாம் தேதி பார்வையாளர் மாடத்தில் நெல் என் பக்கத்தில் உட்கார்ந்தாள். கூட இன்னும் இரண்டு சுரங்கக்காரப் பெண்கள். கறுப்புக் கோட்டு, இரவல் தொப்பி. இரவு முழுக்க ரயிலில் வந்திருந்தார்கள்.

ஹோல்ராய்ட் எழுந்தார். கையில் காகிதம் இருந்ததைப் பார்த்ததுமே எதிர்வரிசையில் ஒருவன், "வாசிக்கிறார், வாசிக்கிறார்!" என்று கத்தினான். சபையில் உரையை வாசிப்பது மரியாதையில்லை. ஆனால் அவர் நன்றாகவே வாசித்தார். குரல் கணீரென்று இருந்தது. ஐந்தாம் பக்கத்தில் இறந்தவர்களில் இளையவனின் வயதைச் சொன்னபோது சபை அமைதியானது. நெல் என் கையைப் பிடித்துக்கொண்டாள்.

ஏழாம் பக்கத்தின் அடிக்கு வந்தார். "இந்த விபத்துக்கு ஜெம் ஆர்மிட்டேஜின் அலட்சியமே காரணம்," என்று நிறுத்தி, அழுத்தமாக வாசித்தார்.

அரசுத் தரப்பில் ஆரவாரம் எழுந்தது. அவர்களுடைய அறிக்கைதானே. "சரி, சரி!" என்று பெஞ்சுகளிலிருந்து குரல்கள் வந்தன. ஹோல்ராய்ட் தலையை நிமிர்த்தினார். அந்த ஆரவாரத்தை முப்பது வருடமாகக் கேட்டவர். பேச்சு முடிந்தால் வருகிற சத்தம் அது. முகம் மலர்ந்தது. காகிதங்களைச் சீராகத் தட்டி அடுக்கினார். உட்கார்ந்துவிட்டார்.

எங்கள் வரிசையில் யாரும் அசையவில்லை. அவர் பக்கத்தில் இருந்த துணைத் தலைவர் லாஸ்கம் மட்டும் குனிந்து, அவர் மடியில் இருந்த காகிதங்களைப் பார்த்தார். பிறகு நிமிர்ந்து மாடத்தில் என்னைத் தேடினார்.

நெல் என் கையை விட்டாள்.

கீழே, பெரிய கூடத்தில், கற்சிலைகளுக்கு நடுவே நான் அவளைப் பிடித்தேன். மற்ற இரண்டு பெண்களும் தள்ளிப்போய் நின்றார்கள். அவளை விட்டுத் தள்ளியா, என்னை விட்டுத் தள்ளியா என்று தெரியவில்லை. அவள் கைப்பையிலிருந்து கடிதத்தை எடுத்தாள்.

"இது அவர் எழுதினதா?"

பொய் சொல்ல எனக்கு நன்றாக வரும். அந்த ஒரு தடவை வரவில்லை.

"இல்ல. நான் எழுதினேன்."

"கையெழுத்து?"

"அதுவும் நான்தான்."

"அப்போ கல்லறைக்கிட்ட வந்து சொன்னாரே, அது?"

"அது அவர் சொன்னதுதான். மனசாரச் சொன்னார். ஆனா இப்ப அவருக்கு… ஞாபகம் தங்கறதில்ல மிசஸ் ஆர்மிட்டேஜ். ஒரு வருஷத்துக்கு மேல ஆச்சு. இன்னும் நாலு பக்கம் இருந்துச்சு. அதுலதான் எல்லாம் இருந்துச்சு. சத்தம் போட்டாங்களா, முடிஞ்சதுன்னு நினைச்சு உக்காந்துட்டார்."

அவள் கடிதத்தை மடித்துக் கைப்பைக்குள் போட்டாள். அழவில்லை.

"எங்க ஊர்ல நாளைக்கு எல்லா வீட்டுலயும் பேப்பர் படிப்பாங்க. ஹோல்ராய்டே சொல்லிட்டாரு, ஜெம்தான் கொன்னான்னு. இனிமே யாரு சொன்னாலும் எடுபடாது. உங்க ஆளோட பேரைக் காப்பாத்தணும்னு எம் புருஷன் பேரைக் கொண்டு போயி ஓட்டைக்கு அடைப்பா வெச்சிருக்கீங்க. அப்படித்தானே?"

"அப்படி நினைக்கல…"

"நீங்க என்ன நினைச்சீங்கன்னு நான் கேக்கல மிஸ்."

அவர்கள் போனார்கள். நான் திரும்பினால் லாஸ்கம் நின்றுகொண்டிருந்தார். ஒல்லியான மனிதர்; எப்போதும் பெப்பர்மிண்ட் மென்றுகொண்டிருப்பார். தலைவர் பதவிக்காகக் காத்திருக்கிறார் என்று எல்லோருக்கும் தெரியும்.

"எட்டாம் பக்கம் ரொம்ப நல்லா இருக்கு. மடியிலேயே கிடந்தது, படிச்சேன்," என்றார். "என்ன நடக்குது மிஸ் விண்டல்?"

"நாளைக்குச் சொல்றேன்."

"இன்னைக்கே சொல்லலாமே."

"முதல்ல சொல்ல வேண்டியவர் ஒருத்தர் இருக்கார், சார்."

அவர் பெப்பர்மிண்டை ஒரு கன்னத்திலிருந்து மறு கன்னத்துக்கு மாற்றினார். "நாளைக்கு மத்தியானம் வரைக்கும் பொறுக்கறேன்," என்றார்.

மறுநாள் காலை எட்டரைக்கு ஹோல்ராய்டின் வீட்டுக்குப் போனேன். செலினா கதவிலேயே என் முகத்தைப் பார்த்துப் புரிந்துகொண்டார். "வேண்டாம்," என்றார். "கெஞ்சிக் கேக்கறேன், வேண்டாம்." நான் அவரைத் தாண்டி உள்ளே போனேன். இருபத்திரண்டு வருட வேலையில் நான் ஒருவரைத் தாண்டிப் போனது அது ஒன்றுதான்.

ஹோல்ராய்ட் உப்பிட்டுப் புகைத்த மீன் சாப்பிட்டுக்கொண்டிருந்தார். தெளிவாக இருந்தார்.

"வாங்க, வாங்க. நேத்து நல்லாப் போச்சுல்ல? எதிராளியே ஆரவாரம் பண்ணினான்."

"அதுதான் சார் தப்பு," என்றேன்.

எல்லாவற்றையும் சொன்னேன். ரயில்வே சங்கத்தின் கடிதம், மேல்பையில் வைத்த அட்டைகள், ஜலதோஷங்கள், கையெழுத்து, நெல், ஏழாம் பக்கம். மீன் முள்ளைத் தட்டின் ஓரத்தில் ஒன்றொன்றாக அடுக்கிக்கொண்டே கேட்டார். சில இடங்களில் அவருக்குப் பிடிபடவில்லை என்று தெரிந்தது, திருப்பிச் சொன்னேன்.

"எத்தனை நாளா?"

"பதிமூணு மாசமா."

"யாருக்கெல்லாம் தெரியும்?"

"மேடத்துக்கு. எனக்கு. நேத்துலேருந்து மிசஸ் ஆர்மிட்டேஜுக்கு."

"அதாவது, என்னைத் தவிர."

அவர் கத்தியையும் முள்கரண்டியையும் கீழே வைத்தார். பத்து வருடமாக என்னை 'நீங்க' என்றே கூப்பிட்டவர்.

"நீ சுரங்கத்துல இறங்கினதில்ல. கீழ, கூரை இடிஞ்சு விழறதுக்கு முன்னாடி ஒரு சத்தம் வரும். மரம் முனகற மாதிரி. அதை யாரு மொதல்ல கேக்கறானோ அவன் கத்தணும். அவ்வளவுதான் சட்டம். கேட்டும் கத்தாம இருந்தவன்கூட மறுபடி எவனும் கீழ இறங்கமாட்டான். நீ கேட்ட. கத்தல."

"உங்களுக்கு மனசு ஒடஞ்சிடுமோன்னு…"

"என் மனசு என் சொத்து. அதை உடைக்கறதா வேண்டாமான்னு நீயும் அவளும் கூடி முடிவு பண்ணிட்டீங்க. நான் என் கால்ல நடந்து வெளிய போயிருப்பேன். அதை எடுத்துட்டீங்க." குரல் உயரவே இல்லை. "மிச்சம் நாலு பக்கமும் எங்க?"

பையிலிருந்து கார்பன் நகலை எடுத்துக் கொடுத்தேன். கையில் வாங்கி எழுத்தை உற்றுப் பார்த்தார்.

"எழுத்தைப் பெருசா அடிச்சுக் கொண்டா. வரிக்கு வரி இடம் விடு. ஒவ்வொரு பக்கத்துக்கும் அடியில 'இன்னும் இருக்கிறது'ன்னு சிவப்புல போடு. கடைசிப் பக்கத்துல 'உட்கார்'னு போடு. இன்னைக்கே பேசறேன்."

"சார், இன்னைக்கு முடியுமா…"

"நாளைக்கு எனக்கு ஞாபகம் இருக்குமான்னு நீ உத்தரவாதம் தருவியா?"

அவசரமாக அலுவலகம் வந்து தட்டச்சு செய்தேன். பெரிய எழுத்தில் நாலு பக்கம் ஒன்பது பக்கமானது. 'உட்கார்' என்பதை மூன்று முறை அடித்துக் கிழித்தேன். லாஸ்கமிடம் மட்டும் போய், தலைவர் இன்றைக்கே தாமே பேசுவார், சபாநாயகரிடம் நேரம் வாங்கித் தாருங்கள் என்றேன். அவர் எதுவும் கேட்காமல் வாங்கித் தந்தார். அந்த ஒரு காரியத்துக்காக அந்த மனிதரைப் பற்றி நான் நினைத்ததில் பாதியை மாற்றிக்கொண்டேன்.

மூன்று மணிக்கு ஹோல்ராய்ட் எழுந்தார். விரலை வரியின் கீழ் வைத்து, பள்ளிக்கூடத்துப் பையன் போல வாசித்தார். "நேற்று நான் முடிக்காமல் உட்கார்ந்துவிட்டேன். நேற்று நான் வாசித்த கடைசி வரி உண்மையல்ல. ஜெம் ஆர்மிட்டேஜ் இரண்டு முறை எச்சரித்தார்." பக்கத்தின் அடிக்கு வந்தார். "இன்னும் இருக்கிறது," என்று அதையும் சேர்த்து வாசித்தார்.

எதிர்வரிசையில் சிரிப்பு வெடித்தது. அவர் பக்கத்தைத் திருப்பினார். சாட்சிகளின் பெயரைச் சொன்னார், அவர்கள் சொன்னதைச் சொன்னார். மறுபடி அடிக்கு வந்தார். "இன்னும் இருக்கிறது." இப்போது பாதிப் பேர் சிரித்தார்கள். மூன்றாம் முறை அவர் அதை வாசித்தபோது யாரும் சிரிக்கவில்லை. அறுநூறு பேருக்கும் ஒரே நேரத்தில் புரிந்தது. அவருக்கும் தெரிந்திருக்க வேண்டும், அது வாசிக்க வேண்டிய வரி இல்லை என்று. ஆனால் எதை விடுவது எதைச் சேர்ப்பது என்று தேர்ந்தெடுத்தால் வழி தவறிவிடும் என்று பயந்து, இருந்ததை எல்லாம் வாசித்தார். ஒன்பது பக்கமும். கடைசியில், "இறந்தவர்களை மறுபடி விசாரிக்க முடியாது. ஆனால் உயிரோடு இருக்கும் இரண்டு பேரைக் கூப்பிட்டு விசாரிக்கலாம். உட்கார்," என்று வாசித்து, உட்கார்ந்தார்.

அப்புறம் எதிர்வரிசையில் ஒரு கிழவர், ஹோல்ராய்டோடு இருபது வருடம் சண்டை போட்டவர், எழுந்து, "மறுவிசாரணை வேண்டும் என்பதை நானும் ஆதரிக்கிறேன்," என்று மட்டும் சொன்னார்.

மறுநாளே ஹோல்ராய்ட் பதவியை விட்டார். ராஜினாமாக் கடிதத்தைத் தன் கையாலேயே எழுதினார். எழுத்துப் பிழைகளைத் திருத்த நான் கையை நீட்டினேன். காகிதத்தைத் தன் பக்கம் இழுத்துக்கொண்டார். வடக்கே போகும் ரயிலில் ஏறும்போது என்னோடு கை குலுக்கவில்லை.

லாஸ்கம் தலைவரானார். முதல் நாளே என்னைக் கூப்பிட்டார்.

"நீங்க இருக்கணும். இந்த அறையில எந்தக் காகிதம் எங்க இருக்குன்னு உங்களுக்குத்தான் தெரியும்."

"நான் செஞ்சது தெரிஞ்சுமா, சார்?"

"தெரிஞ்சதாலதான். எனக்கும் ஒரு நாள் அப்படி ஆனா, நீங்க யார்கிட்டயும் சொல்ல வேண்டாம், என்கிட்ட சொல்லுங்க. அது ஒண்ணுதான் நிபந்தனை."

இருந்தேன். வேறு எங்கே போவேன்? அவர் தன் கையெழுத்தை மட்டும் கடைசிவரை என்னைப் போட விடவில்லை. வாழ்த்து அட்டைக்குக்கூட.

வசந்தத்தில் மறுவிசாரணை நடந்தது. காரணம் இன்னதென்று உறுதியாகச் சொல்ல இயலாது, ஜெம் ஆர்மிட்டேஜ் மீது சொல்லப்பட்டது நிரூபிக்கப்படவில்லை என்று முடித்தார்கள். மேலாளர் மீதும் எந்தக் குற்றமும் சொல்லவில்லை. நெல்லிடமிருந்து ஒரு கடிதம் வந்தது.

'மிஸ் விண்டல், புது அறிக்கை வந்தது. தெருவில் இரண்டு வீட்டுக்காரர்கள் பேசினார்கள். மற்றவர்கள் இன்னும் பேசவில்லை. நீங்கள் எழுதிய கடிதத்தை அடுப்பில் போட்டுவிட்டேன். ஐயா இரண்டாம் நாள் பேசியது பத்திரிகையில் வந்ததை வைத்திருக்கிறேன். என். ஆர்மிட்டேஜ்.'

ஜூலையில், சபை விடுமுறையில், ஹோல்ராய்டைப் பார்க்கப் போனேன். வேண்டாம் என்றுதான் ஓலிவ் சொன்னாள்.

"திட்டு வாங்கவா டிக்கெட் எடுத்துட்டுப் போற?"

"திட்டினா நல்லதுதான்," என்றேன்.

உண்மையில் அதற்காகத்தான் போனேன். அன்றைக்குக் காலையில் என்னால் மன்னிப்புக் கேட்க முடியவில்லை. தட்டச்சு வேலை இருந்தது, நேரம் இல்லை, அவர் முகத்தில் இடமும் இல்லை. ஏழு மாதமாக அந்தச் சொல்லை வைத்துக்கொண்டு எங்கே இறக்குவது என்று தெரியாமல் இருந்தேன்.

செலினா வாசலில் ரோஜாச் செடியை வெட்டிக்கொண்டிருந்தார். என்னைப் பார்த்து ஆச்சரியப்பட்டதாகக் காட்டவில்லை. "தோட்டத்துல இருக்கார்," என்றார்.

நாற்காலியில், முழங்காலில் கம்பளியோடு உட்கார்ந்திருந்தார். இளைத்திருந்தார். என் காலடிச் சத்தம் கேட்டுத் திரும்பினார். நான் நின்றுவிட்டேன். அவர் முகம் முழுக்கச் சிரிப்பு பரவியது.

"மிஸ் விண்டல்! எங்க போயிட்டீங்க? உங்களைக் காணோம்னு செலினாகிட்ட கேட்டுக்கிட்டே இருக்கேன். உக்காருங்க, உக்காருங்க. சபை கூடிடுச்சா?"

'நீங்க' என்றுதான் கூப்பிட்டார்.

நான் உட்கார்ந்தேன். மன்னித்துக்கொள்ளுங்கள் என்று சொல்ல வேண்டுமென்றால், எதற்கு என்று அவர் கேட்பார். எதற்கு என்று சொன்னால் அந்த நவம்பர் காலையை அவர் இன்னொரு முறை வாழ வேண்டும். சொன்னதை நாளைக்குள் மறந்தும் விடுவார். எனக்குக் கிடைக்கப்போகிற நிம்மதிக்கு அவர் அந்த விலையைக் கொடுக்க வேண்டுமா என்று யோசித்தேன். சொல்லாமல் இருப்பதும் பழைய குற்றம்தானே என்றும் யோசித்தேன். எது சரியென்று இன்றுவரை எனக்குத் தெரியாது.

"இன்னும் கூடல சார். விடுமுறை," என்றேன். அந்த வரையில் உண்மை.

"நல்லதாப் போச்சு. இருந்து சாப்பிட்டுட்டுப் போங்க," என்றார்.

சாப்பிட்டேன். அவர் தன் தட்டிலிருந்த பட்டாணியை எனக்குத் தள்ளி வைத்தார். போகும்போது என் இரண்டு கைகளையும் பிடித்துக் குலுக்கினார். வெளிக்கதவு வரை செலினா கூட வந்தார்.

"உங்க மேல கோவமா இருந்ததை அவர் மறந்துட்டார்," என்றார். "நான் மறக்கல. ஆனா நீங்க அப்பப்ப வரலாம். நீங்க வந்தா அவருக்குச் சந்தோஷமா இருக்கு."

அடுத்த மாதமும் போனேன். அதற்கடுத்த மாதமும்.